சாய்பொழுது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சாய்பொழுது என்பது நான் கற்பனையில் கட்டிய ஒரு மலைச்சரிவு. உச்சிக்கும் பள்ளத்துக்கும் இடையே உயர வித்தியாசம் 1000 மீட்டர். மேலே ஏற ஏறக் காலம் வேகமாக ஓடும், கீழே இறங்க இறங்க மெதுவாகும். பள்ளத்தில் ஒரு நாள் கழிந்தால் உச்சியில் இரண்டு நாள் கழிந்திருக்கும். இந்த நிலத்தின் வரைபடத்தையும் அங்கே நடக்கும் சில கதைகளையும் படித்தவர்கள் திரும்பத் திரும்பக் கேட்ட கேள்விகளுக்கு இங்கே ஒரே இடத்தில் பதில் எழுதுகிறேன். கணக்கு வருகிற இடங்களில் பயப்பட வேண்டாம், பெருக்கல் வகுத்தல் தெரிந்தால் போதும்.

பெயர் எப்படி வந்தது?

பொழுது சாய்ந்தது என்றால் மாலையாகிவிட்டது என்று அர்த்தம். இங்கே பொழுதே நிலத்தோடு சேர்ந்து சரிந்து கிடக்கிறது, அதனால் அந்தச் சொல்லையே திருப்பிப் போட்டேன். நம் பழைய இலக்கணத்தில் நிலமும் பொழுதும் இரண்டும் சேர்ந்துதான் முதற்பொருள். ஒன்றைச் சொன்னால் மற்றதையும் சொல்லியாக வேண்டும். இடத்தையும் காலத்தையும் தனித்தனிப் பெட்டியில் வைக்காத அந்தப் பார்வை எனக்கு மிகவும் பிடிக்கும், இந்தச் சரிவை வரைய ஆரம்பித்ததே அதனால்தான்.

விதி சரியாக என்ன?

ஒவ்வொரு 100 மீட்டர் ஏற்றத்துக்கும் காலம் சுமார் 7 சதவீதம் வேகமாகிறது. பத்து முறை அப்படிக் கூடினால் இரண்டு மடங்கு. உச்சியில் ஓடும் காலமும் வெளியுலகக் காலமும் ஒன்றே, பள்ளம்தான் பின்தங்குகிறது. அங்கே நிற்கும் ஒருவருக்குத் தன் காலம் மெதுவாக ஓடுவதாகத் தோன்றவே தோன்றாது. அவருடைய மூச்சு, நாடி, எண்ணம், அடுப்பில் எரியும் நெருப்பு எல்லாமே ஒரே விகிதத்தில் மெதுவாவதால் அவருக்கு எல்லாம் இயல்பாகவே இருக்கும். வேறு உயரத்தில் இருப்பவரோடு ஒப்பிட்டால்தான் தெரியும்.

அப்படியானால் தலைக்கும் காலுக்குமே காலம் வேறா?

ஆமாம். 1.7 மீட்டர் உயரமுள்ளவர் நாள் முழுக்க நின்றால், காலைவிடத் தலை 1 நிமிடம் 42 நொடி கூடுதலாக வாழ்ந்திருக்கும். படுக்காமலே 70 வருடம் நின்றால் தலை ஒரு மாதம் மூத்ததாக இருக்கும். படுத்துத் தூங்குவதால் இந்த வித்தியாசம் கொஞ்சம் குறையும், அவ்வளவுதான், உடம்புக்கு இதனால் தொல்லை இல்லை.

நிஜ உலகத்தில் இப்படி ஏதாவது உண்டா, அல்லது முழுக்க நீங்கள் கட்டியதா?

திசை நிஜம், அளவுதான் நான் கட்டியது. பூமியிலும் மேலே இருக்கும் கடிகாரம் கீழே இருப்பதைவிட வேகமாக ஓடுகிறது. ஒரு மீட்டர் உயர்ந்தால் ஏற்படும் மாற்றம், 1 என்ற எண்ணை 10-இன் 16ஆம் அடுக்கால் வகுத்தால் வரும் அளவுதான், ஆனால் அளந்திருக்கிறார்கள். 2010இல் அமெரிக்காவின் தேசியத் தர நிறுவனத்தில் ஒரு கடிகாரத்தை இன்னொன்றைவிட 33 சென்டிமீட்டர் உயர்த்திவைத்து வித்தியாசத்தைப் பார்த்தார்கள். 2020இல் வெளியான ஆய்வில் டோக்கியோ ஸ்கைட்ரீ கோபுரத்தில் 450 மீட்டர் உயரத்தில் வைத்த கடிகாரம், தரையில் இருந்ததைவிட ஒரு நாளுக்கு 4 நானோ நொடிக்குச் சற்று மேலே முந்தியது. 2022இல் ஒரு மில்லிமீட்டர் உயரத்துக்குள்ளேயே வித்தியாசம் தெரிந்துவிட்டது. ஒரு மில்லிமீட்டர்! ஒரு மணல்துகளின் அடிக்கும் முடிக்கும் காலம் வேறு என்பதைக் கருவி காட்டுகிறது. எனக்கு இதைப் படித்த அன்று வேலை ஓடவில்லை.

ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களில் உயரத்தால் கடிகாரம் ஒரு நாளுக்கு 45 மைக்ரோ நொடி முந்துகிறது, வேகத்தால் 7 மைக்ரோ நொடி பிந்துகிறது, மிச்சம் 38. அந்த 38 மைக்ரோ நொடிக்குள் ஒளி 11 கிலோமீட்டர் போய்விடும், அதனால் இதைத் திருத்தாமல் விட்டால் கைபேசி காட்டும் இடம் எதற்கும் உதவாது. பூமியின் மையம் மேற்பரப்பைவிடச் சுமார் இரண்டரை ஆண்டு இளையது என்று 2016இல் கணக்கிட்டார்கள். ஆக நாம் எல்லோருமே ஒரு சாய்பொழுதில்தான் நிற்கிறோம், சரிவு மிக மிக மென்மையாக இருக்கிறது.

மெதுவாவது கடிகாரம்தானே? காலமே மெதுவாகிறது என்று எப்படிச் சொல்ல முடியும்?

நல்ல கேள்வி, இரண்டும் வேறுதான். 1672இல் ஜான் ரிஷே என்ற வானியலாளர் பாரிசில் சரிபார்த்த ஊசல் கடிகாரத்தை நிலநடுக்கோட்டுக்கு அருகே உள்ள கயேனுக்குக் கொண்டுபோனபோது அது நாளொன்றுக்கு இரண்டரை நிமிடம் பிந்தியது. அங்கே ஈர்ப்பு சற்றுக் குறைவு, ஊசல் சோம்பலாக ஆடியது. அது கடிகாரத்தின் குறை. அதே இடத்தில் எரியும் திரியையோ மனித நாடியையோ வைத்துப் பார்த்திருந்தால் அவை அதே அளவில் பிந்தியிருக்காது.

காலமே மாறுகிறது என்று சொல்ல வேண்டுமானால் எல்லாம் ஒரே விகிதத்தில் மாற வேண்டும். அணுவின் சிதைவு, நகம் வளர்வது, துரு பிடிப்பது, பால் புளிப்பது, எதை எடுத்தாலும் அதே விகிதம். சாய்பொழுதில் அப்படித்தான். ஏதாவது ஒன்று மட்டும் தப்பித்தால் அதை வைத்து உண்மையான நேரத்தைப் பார்த்துவிடலாமே, அப்புறம் சரிந்தது காலம் என்று சொல்ல எனக்கு உரிமை இல்லை.

நிஜத்தில் இருப்பதை அப்படியே பெரிதாக்கிவிட்டால் போதாதா? தனி விதி எதற்கு?

முதலில் நானும் அப்படித்தான் நினைத்தேன். ஒரு மாலை உட்கார்ந்து கணக்குப் போட்டதும் நிலமே நொறுங்கிவிட்டது.

விஷயம் இதுதான்: ஈர்ப்பு என்று நாம் சொல்வதே காலச் சரிவின் இன்னொரு முகம். பொருட்கள் காலம் மெதுவாக ஓடும் பக்கமாக விழுகின்றன. பூமியில் சரிவு மென்மையாக இருப்பதால்தான் நம் எடை தாங்கக்கூடியதாக இருக்கிறது. 1000 மீட்டருக்குள் காலம் இரட்டிப்பாக வேண்டுமென்றால், ஒளிவேகத்தின் வர்க்கத்தை அந்த உயரத்தால் வகுத்து 0.69ஆல் பெருக்க வேண்டும். கிடைக்கும் ஈர்ப்பு பூமியைப்போல் சுமார் 6 லட்சம் கோடி மடங்கு. நியூட்ரான் விண்மீனின் மேற்பரப்பையே இது பல மடங்கு மிஞ்சும். அங்கே மலையும் இருக்காது, மனிதரும் இருக்க மாட்டார், அணுவே முழுசாக இருக்காது.

அதனால் ஒரே ஒரு பொய் சொன்னேன்: சாய்பொழுதில் காலம் இவ்வளவு சரிந்தாலும் எடை பூமியில் உள்ளபடியே இருக்கும். அந்த ஒரு பொய்யிலிருந்து என்னென்ன வருகிறதோ அத்தனையையும் நேர்மையாகப் பின்தொடர வேண்டும் என்று முடிவு செய்துகொண்டேன். கீழே வருபவை எல்லாம் அதன் விளைவுகள்.

காலத்தைப் பற்றிக் கேட்டால் ஏன் எப்போதும் ஆற்றலில் போய் முடிக்கிறீர்கள்?

இரண்டும் ஒரே துணி என்பதால். ஒரு மூலையை இழுத்தால் மறு மூலை சுருங்கும். காலத்தை மட்டும் வளைத்துவிட்டு ஆற்றலைத் தொடாமல் விடும் கற்பனை உலகங்களைப் படிக்கும்போது, எங்கோ ஒரு கணக்கு எழுதப்படாமல் விட்டுப்போனது போலவே எனக்குத் தோன்றும்.

எப்படி என்று பாருங்கள். உச்சியிலிருந்து கீழே ஒளியை அனுப்புகிறீர்கள். ஒளி ஓர் அதிர்வு. உச்சியின் ஒரு நொடியில் கிளம்பிய அதிர்வுகள் பள்ளத்துக் கடிகாரத்தில் அரை நொடிக்குள் வந்து சேர்கின்றன, ஆக அங்கே அதிர்வெண் இரண்டு மடங்கு. ஒரு ஒளித்துகளின் ஆற்றல் அதன் அதிர்வெண்ணைப் பொறுத்தது, எனவே ஆற்றலும் இரண்டு மடங்கு. மேலே 1 ஜூல் அனுப்பினால் கீழே 2 ஜூல். நிஜ உலகிலும் இது நடக்கிறது: 1960இல் பவுண்ட், ரெப்கா என்ற இரண்டு இயற்பியலாளர்கள் ஹார்வர்டில் 22.5 மீட்டர் கோபுரத்தில் காமா கதிர்களை வைத்து இந்த மாற்றத்தைப் பிடித்தார்கள்.

இப்போது அந்த 2 ஜூலை ஒரு பேட்டரியில் ஏற்றி, முதுகில் சுமந்து உச்சிக்குப் போங்கள். திரும்ப ஒளியாக அனுப்புங்கள், 4 ஜூல். மறுபடி, 8. சுமை தூக்கும் ஒருவர் இருந்தால் போதும், உலகத்துக்கே மின்சாரம்! 1911இல் ஐன்ஸ்டைன் இதே சுற்றைத்தான் யோசித்தார். நிஜத்தில் இது பலிக்காது, ஏனென்றால் ஆற்றலுக்கும் எடை உண்டு, கீழே போகும்போது கூடியது அத்தனையும் மேலே தூக்கும்போது துல்லியமாகச் செலவாகிவிடும். என் நிலத்தில் நான்தான் எடையைத் தொடக் கூடாது என்று பொய் சொல்லிவிட்டேனே, அதனால் ஓட்டை திறந்துகொண்டது.

ஓட்டை இருந்தால் இருக்கட்டுமே, கற்பனைதானே?

விட்டிருக்கலாம். ஆனால் 1918இல் எம்மி நோதர் என்ற கணிதவியலாளர் நிறுவிய ஒரு உண்மை என்னை விடவில்லை. இயற்கையின் விதிகள் நேற்றும் இன்றும் நாளையும் ஒன்றாகவே இருந்தால், அந்த மாறாமையிலிருந்தே ஆற்றலின் அழிவின்மை பிறக்கிறது. சாய்பொழுதில் காலம் இடத்துக்கு இடம்தான் மாறுகிறது, நாளுக்கு நாள் மாறவில்லை. இன்று இருக்கும் சரிவுதான் நாளையும். அப்படியென்றால் அங்கே கூட்டிக் கழித்தால் சரியாக வரும் ஒரு கணக்கு இருந்தே ஆக வேண்டும். அதைக் கண்டுபிடிப்பது என் கடமை என்று தோன்றியது.

கண்டுபிடித்த விதி இது: எந்த ஆற்றலையும் அந்த இடத்தின் கால வேகத்தால் பெருக்கினால் வரும் எண் மாறக் கூடாது. உச்சியின் 1 ஜூலும் பள்ளத்தின் 2 ஜூலும் சமம். ஆகவே சேமித்த ஆற்றலோடு ஒரு பொருள் ஏறினால் ஒவ்வொரு 100 மீட்டருக்கும் அந்தச் சேமிப்பில் சுமார் 7 சதவீதம் சத்தமில்லாமல் போய்விடும், உச்சி சேரும்போது பாதிதான் மிஞ்சும். இறங்கினால் சேமிப்பு அப்படியே இருக்கும், ஆனால் ஒவ்வொரு 100 மீட்டருக்கும் சேமிப்பில் 7 சதவீதத்துக்கு ஈடான சூடு அந்தப் பொருளிலிருந்து கிளம்பும். பேட்டரி, முறுக்கிய சுருள்வில், விறகு, எண்ணெய் எதுவானாலும். மேலே சொன்ன சுற்று இப்போது அடைபடுகிறது: 2 ஜூல் ஏறி உச்சியில் 1 ஜூலாக நிற்கும்.

ஒரு விலக்கு மட்டும் வைத்திருக்கிறேன், மறைக்க விரும்பவில்லை. பொருளின் நிறையும், காற்று நீர் ஆகியவற்றின் சாதாரண வெப்பமும் இந்தக் கணக்கில் வராது. வந்தால் ஒரு குடம் தண்ணீர் இறங்கினாலே கொதித்துவிடும். நிஜ உலகிலும் வெப்பச் சமநிலையில் உள்ள ஒரு காற்றுத் தூணின் அடி, முடியைவிட மிகச் சற்றே சூடாக இருக்க வேண்டும் என்று 1930இல் டோல்மன், எரென்ஃபெஸ்ட் என்ற இயற்பியலாளர்கள் காட்டினார்கள். அதை இந்த அளவுக்குப் பெரிதாக்கினால் கதை சொல்ல ஆளே இருக்க மாட்டார்கள்.

மனித உடம்பிலும் சேமித்த ஆற்றல் இருக்கிறதே?

இந்தக் கேள்வியை முதலில் கேட்டவருக்கு நான் இன்றும் நன்றி சொல்கிறேன். நிலத்தின் மொத்த வாழ்க்கையும் இந்த ஒரு கேள்வியில் மாறிவிட்டது.

ஒருவர் உடம்பில் 10 கிலோ கொழுப்பு இருப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். கிலோவுக்கு 37 மெகாஜூலுக்குச் சற்று மேல், மொத்தம் ஏறத்தாழ 375 மெகாஜூல். ஏறினால் அதில் பாதி போய்விடும், கொழுப்பு சூடு தராமலே கரைந்து மூச்சாகவும் நீராகவும் வெளியேறிவிடும். உச்சிக்கு வந்து சேர்பவர் பட்டினி கிடந்தவர் போல 5 கிலோ இளைத்து நிற்பார். ஏறுவதற்கு முன்னால் வயிறு நிறையச் சாப்பிட்டால் பாதி வீண், அதனால் அங்கே ஏறப் போகிறவர்கள் அரை வயிற்றோடு கிளம்பி, மேலே போய்த்தான் உண்பார்கள்.

இறங்குவதுதான் ஆபத்து. ஒவ்வொரு 100 மீட்டரிலும் 26 மெகாஜூல் சூடு உடம்புக்குள்ளிருந்து கிளம்பும். ஒரே மூச்சில் ஓடி இறங்கினால் இரண்டாவது திருப்பத்துக்கு முன்பே காய்ச்சல் கண்டு, ஆள் பிழைக்க மாட்டார். சும்மா இருக்கும் உடம்பு சுமார் 100 வாட் சூட்டை வெளியே விடுகிறது. வியர்த்து, காற்றில் நின்று, நீர் ஊற்றிக்கொண்டால் கூடுதலாக ஒரு 500 வாட்டைத் தாக்குப்பிடிக்கலாம். அந்தக் கணக்கில் 100 மீட்டருக்குப் பதினான்கு மணி நேரத்துக்கு மேல் ஆகும், பள்ளம் வரை ஆறு நாள். அதனால் சரிவு முழுக்கப் பத்து இடங்களில் நீரோடைக்குப் பக்கத்தில் திண்ணைகள் இருக்கின்றன. பெயர் ஆறுதிண்ணை, சூடு ஆறுவதற்கான திண்ணை. சாய்பொழுதில் ஒருவர் உங்களைப் பார்க்க இறங்கி வருகிறார் என்றால் ஆறு நாள் தன் உடம்பின் சூட்டோடு உட்கார்ந்து உட்கார்ந்து வந்திருக்கிறார் என்று பொருள். இந்த நிலத்தில் எனக்கு மிகவும் பிடித்த இடம் எது என்று கேட்டால் ஏழாவது திண்ணை என்பேன்.

மெலிந்தவர்கள் சீக்கிரம் இறங்கலாம், அவர்களிடம் சூடாக மாற அதிகம் இல்லை. தூது போகிறவர்கள் எல்லோரும் அங்கே ஒல்லியாக இருப்பது அதனால்தான்.

பள்ளத்தில் வெயில் எப்படி இருக்கும்?

முதல் வரைவில் பள்ளத்தில் அகலமான பசும்புல்வெளி வைத்திருந்தேன். அழகாக இருந்தது, ஆனால் நிற்கவில்லை. சூரிய ஒளியின் ஒவ்வொரு துகளும் இரட்டிப்பு ஆற்றலோடு வருகிறது, ஒரு நொடிக்குள் வரும் துகள்களின் எண்ணிக்கையும் இரட்டிப்பு. ஆக மொத்தம் நான்கு மடங்கு. உச்சியில் நடுப்பகலில் சதுர மீட்டருக்கு 1000 வாட் என்றால் பள்ளத்தில் 4000. சூடான நிலம் வெளியே விடும் கதிர்வீச்சு வெப்பநிலையின் நான்காம் அடுக்கில் கூடுவதால், கெல்வின் கணக்கில் வெப்பநிலை 1.41 மடங்காகும். சராசரி 15 டிகிரி செல்சியஸ் இருக்க வேண்டிய தரை 134 டிகிரியில் போய் நிற்கும். புல் கருகிவிட்டது.

அது மட்டுமா, ஒளியின் நிறமும் மாறுகிறது. சூரிய ஒளி அதிகமாக இருப்பது 500 நானோமீட்டர் அலைநீளத்தை ஒட்டி. பள்ளத்தில் அது 250 நானோமீட்டர், கடும் புற ஊதா. தண்ணீரில் கிருமி கொல்லப் பயன்படும் பாதரச விளக்கின் ஒளி 254 நானோமீட்டர்தான். அதாவது அங்கே வெயிலில் நிற்பது கிருமிநாசினி விளக்கின் கீழே நிற்பது மாதிரி. நம் தலைக்கு மேலே ஓசோன் அடுக்கு இந்தக் கதிர்களைத் தடுக்கிறது, ஆனால் சாய்பொழுதில் ஒளி ஓசோனைத் தாண்டி வந்த பிறகுதான் மாறுகிறது, தடுக்க எதுவும் இல்லை.

அதனால் பள்ளத்தை ஒரு குறுகிய பிளவாக மாற்றினேன். இரண்டு பக்கமும் பாறைகள் குடை போல நீண்டிருக்கும், வானத்தில் கால்பங்குதான் தெரியும். மக்கள் பாறையின் கீழேயே வாழ்கிறார்கள், திறந்த இடத்துக்கு உடம்பை மூடிக்கொண்டு போகிறார்கள். சூரியன் அங்கே பன்னிரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை உதிக்கும், பகல் ஆறு மணி இரவு ஆறு மணி.

கீழேயிருந்து மேலே பார்த்தால் என்ன தெரியும்?

மேலே நாம் காணும் நிறங்கள் எல்லாம் புற ஊதாவாகிப் பார்வைக்கு அப்பால் போய்விடும். பதிலாக, மேலே கண்ணுக்குத் தெரியாத 800 முதல் 1400 நானோமீட்டர் வரையான அகச்சிவப்பு ஒளி கீழே நிறமாகத் தெரியும். இலைகள் அந்த அகச்சிவப்பின் பெரும்பகுதியை வலுவாகத் திருப்பியடிப்பவை. எனவே பள்ளத்திலிருந்து பார்ப்பவருக்கு உச்சியின் காடு பச்சையாகத் தெரியாது, வெளிறிப் பளிச்சென்று, பனி படர்ந்த மாதிரி இருக்கும். அங்கே பிறந்து வளர்ந்த குழந்தை காட்டை வரைந்தால் வெள்ளை நிறத்தில்தான் வரையும், மேலே போய்த் திரும்பியவர்கள் அது பச்சை என்று சொன்னால் நம்பாது.

கூப்பிட்டால் கேட்குமா?

பக்கத்தில் இருந்தால் கேட்கும். ஒலியும் அதிர்வுதான், அதே விதி. 1000 மீட்டருக்கு அதிர்வெண் இரட்டிப்பு என்றால் சரியாக ஒரு ஸ்தாயி. ஒரு ஸ்தாயிக்குப் பன்னிரண்டு சுரத்தானங்கள், எனவே 83 மீட்டருக்கு ஒரு சுரத்தானம். உங்களுக்கு 83 மீட்டர் மேலே நிற்பவர் பாடினால் அரைச்சுருதி ஏறிக் கேட்கும், கீழே நிற்பவர் பாடினால் இறங்கிக் கேட்கும். சரிவில் பிறந்த ஒருவர் குரலைக் கேட்டே எத்தனை திருப்பம் தள்ளி நிற்கிறார் என்று சொல்லிவிடுவார். சேர்ந்து பாட வேண்டுமானால் ஒரே மட்டத்தில் நிற்க வேண்டும், இல்லையென்றால் சுருதியும் சேராது, தாளமும் சேராது.

ஆறு, மின்சாரம்?

உச்சியில் நொடிக்கு 100 லிட்டர் ஓடும் ஓடை பள்ளத்தில் நொடிக்கு 200 லிட்டர். தண்ணீர் கூடவில்லை, நொடிதான் பெரிது. மின்கம்பியும் அப்படியே: மேலிருந்து 1 கிலோவாட், 50 ஹெர்ட்ஸ் அனுப்பினால் கீழே 4 கிலோவாட், 100 ஹெர்ட்ஸ். கீழிருந்து மேலே 1 கிலோவாட் அனுப்பினால் 250 வாட்தான் சேரும்.

சரிவே பருவத்துக்குப் பருவம் மாறினால்?

அப்போது மேலே சொன்ன கணக்கு உடைந்துவிடும், நோதரின் வாக்கு அங்கே பொருந்தாது. காலச் சரிவு மென்மையாக இருக்கும் பருவத்தில் விறகை ஏற்றி, செங்குத்தாக இருக்கும் பருவத்தில் அதன் ஒளியைக் கீழே அனுப்பினால் இலவச ஆற்றல் கிடைக்கும், அதைத் தடுக்க எந்த விதியும் இல்லை. விரிந்துகொண்டிருக்கும் நம் பிரபஞ்சத்திலேயே இதன் சாயல் உண்டு. தொடக்க காலத்தில் சுமார் 3000 கெல்வினில் கிளம்பிய ஒளி ஏறத்தாழ 1100 மடங்கு நீண்டு இன்று 2.7 கெல்வினாக நம்மிடம் வருகிறது, இழந்த ஆற்றல் எங்கே போனது என்று கேட்டால் மொத்தக் கணக்கு எழுதவே இடமில்லை என்பதுதான் பதில். மாறும் சரிவை யாராவது எழுதினால் ஆசையோடு படிப்பேன். நான் எழுதவில்லை, எனக்கு நிலையான மலை வேண்டும்.

காலம் பின்னோக்கி ஓடும் மூலை உண்டா?

இல்லை. உடைந்த பானை தானாகச் சேரும் இடத்தில் நினைவே சாத்தியமில்லை, நினைவு இல்லாத இடத்தில் மனிதரை வைத்துக் கதை சொல்ல எனக்குத் தெரியவில்லை.

பள்ளத்தில் வாழ்ந்தால் ஆயுள் கூடுமா?

கூடாது. 80 வருடம் வாழக்கூடியவர் எங்கே இருந்தாலும் தன் கடிகாரத்தில் 80 வருடம்தான் வாழ்வார். அத்தனை விடியல்தான் காண்பார் என்று சொல்ல வந்தேன், அது தவறு, பள்ளத்தில் விடியல் இரட்டிப்பு. ஆனால் அவர் உண்ணும் வேளைகள், அவர் நினைக்கும் நினைவுகள், அவர் படிக்கும் பக்கங்கள், அவை கூடாது. மாறுவது ஒன்றுதான்: மற்றவர்களோடு அவருக்குள்ள வயது உறவு.

ஒரு தாய்க்கு 30 வயது, குழந்தைக்கு 5. குழந்தையை உச்சியில் விட்டுவிட்டுத் தாய் பள்ளத்துக்கு வேலைக்கு இறங்குகிறாள் என்று வைத்துக்கொள்வோம். அவளுக்குப் பத்து வருடம் கழியும்போது அவளுக்கு 40, பிள்ளைக்கு 25. இருபத்தைந்து வருடம் கழியும்போது அவளுக்கு 55, பிள்ளைக்கும் 55. அன்று அம்மாவும் மகளும் ஒரே வயது. அதற்குப் பிறகு மகள் மூத்தவள். இந்த மொத்த நிலத்தையும் நான் வரைந்தது இந்த ஒரு கணக்குக்காகத்தான் என்று சில சமயம் நினைக்கிறேன்.

நானும் ஒரு நிலம் கட்ட விரும்புகிறேன். எங்கே ஆரம்பிப்பது?

எதை மட்டும் மாற்றப் போகிறீர்கள் என்று ஒரே வாக்கியத்தில் எழுதுங்கள். அப்புறம் அந்த மாற்றத்தை வைத்து இலவசமாக ஆற்றல் எடுக்க முடியுமா என்று மனசாட்சியோடு முயன்று பாருங்கள், ஒரு திருடன் பூட்டைப் பார்க்கிற மாதிரி. எடுக்க முடிந்தால் அந்த ஓட்டையை எதைக் கொண்டு அடைப்பது என்று யோசியுங்கள். ஆறுதிண்ணை எனக்கு அப்படி அடைத்தபோது கிடைத்ததுதான், அதை முன்கூட்டி நான் யோசிக்கவே இல்லை. புல்வெளி கருகியபோது வருத்தப்பட்டேன், ஆனால் வெள்ளைக் காடு அதிலிருந்துதான் வந்தது. அழகான காட்சியை முதலில் வரைந்துவிட்டு அதற்கு விதி தேடாதீர்கள், எனக்கு அந்த வழியில் செய்த எதுவும் நிலைக்கவில்லை.

அந்தத் தாயும் மகளும் ஆறு நாள் இறங்காமல் பேசிக்கொள்ள வழியே இல்லையா?

குரல் அவ்வளவு தூரம் போகாது. விளக்கு காட்டலாம், ஆனால் எந்த விளக்கு என்று தெரிந்திருக்க வேண்டும். தாய் கீழேயிருந்து நீல விளக்கைக் காட்டினால், 450 நானோமீட்டர் ஒளி வழியிலேயே சிவந்து சிவந்து, சுமார் 640 மீட்டர் ஏறியதும் அகச்சிவப்பாகிக் கண்ணுக்குத் தெரியாமல் போய்விடும். மகள் எத்தனை மணி நேரம் பார்த்தாலும் இருட்டுத்தான்.

கிருமி கொல்லும் அந்தப் பாதரச விளக்கை ஏற்ற வேண்டும். பள்ளத்தில் அதன் 254 நானோமீட்டர் ஒளி கண்ணுக்குப் புலப்படாது, நேரே பார்த்தால் கண்ணைச் சுடும், அதனால் அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டுதான் ஏற்றுவாள். மேலே போய்ச் சேரும்போது அது 508 நானோமீட்டர், நல்ல பச்சை. மகள் பதிலுக்கு, டிவி ரிமோட்டில் இருப்பது போன்ற 940 நானோமீட்டர் அகச்சிவப்பு விளக்கு ஒன்றைப் பெரிதாகச் செய்து அணைத்து அணைத்து ஏற்றுகிறாள், மேலே யாருக்கும் அது தெரியாது. கீழே நீலமாக மினுக்குகிறது, மகள் மெதுவாக எண்ணி அழுத்தியது இரண்டு மடங்கு வேகத்தில். இருவருமே தாங்கள் அனுப்பும் ஒளியைத் தங்கள் கண்ணால் பார்க்க முடியாது, எதிரிலிருந்து பதில் வந்தால்தான் அது போய்ச் சேர்ந்தது தெரியும்.